நான் ஒரு தாய்மாமனை வேலைநீக்கம் செய்தேன்

பள்ளிக்கூடத்தில் கட்டுரைப் போட்டியில் பரிசு வாங்கியவர்களிடம் கொஞ்சம் எச்சரிக்கையாகப் பழக வேண்டும். அவர்களால் எதையும் சும்மா சொல்ல முடியாது. "நாளைக்கு வர வேண்டாம்" என்பதைக்கூட முன்னுரை, பொருளுரை, முடிவுரையோடுதான் சொல்வார்கள். நான் எட்டாம் வகுப்பில் மழைநீர் சேகரிப்பைப் பற்றி நான்கு பக்கம் எழுதி, முதல் பரிசாக ஓர் எவர்சில்வர் டிபன் பாக்ஸ் வாங்கியவள். அதன் மூடி எப்போதோ தொலைந்துவிட்டது. எழுத்துத் திமிர் மட்டும் தொலையவில்லை.

அந்தத் திமிரில், ஒரு குடும்பத்தின் தாய்மாமனை, அந்த வீட்டுக் காதுகுத்துக்கு ஒன்பதே நாள் இருக்கும்போது, நான் வேலையைவிட்டு நீக்கினேன். இதை நானே சொல்லிவிடுவது நல்லது. இல்லையென்றால் வேறு யாராவது சொல்வார்கள் (மேலூர்ப் பக்கம் போனால் கட்டாயம் சொல்வார்கள்).

அப்போது எனக்கு இருபத்தைந்து வயது. சென்னையில் பார்த்த வேலையை விட்டுவிட்டு மதுரை விளாங்குடிக்குத் திரும்பி, என் தம்பி கார்த்தியோடு சேர்ந்து ஒரு கம்பெனி தொடங்கியிருந்தேன். கம்பெனி என்றால் எங்கள் வீட்டு மாடியறை, இரண்டு லேப்டாப், வலப்பக்கம் மட்டும் திரும்பும் ஒரு டேபிள் ஃபேன். ஊரே செயற்கை நுண்ணறிவு என்று சொல்லிக்கொண்டிருந்த நேரம். நாங்களும் சொன்னோம்.

ஆனால் யோசனை மோசமில்லை. ஒரு சூப்பர் மார்க்கெட்டுக்குத் துவரம்பருப்பிலிருந்து துடைப்பம் வரை நூற்றுக்கணக்கான சரக்கு வேண்டும். யாரிடம் வாங்குவது, யார் விலை குறைவு, யார் சொன்ன நாளில் வருவார் என்பதெல்லாம் கடைக்காரரின் தலையிலும் டைரியிலும் ஃபோனிலும் சிதறிக் கிடக்கும். எங்கள் மென்பொருள் அத்தனையையும் படிக்கும். இணையத்தில் தேடிப் புதிய ஆட்களையும் கண்டுபிடிக்கும். எல்லோரையும் எடைபோட்டு வரிசைப்படுத்தும். கடைக்காரர் சார்பில் வாட்ஸ்அப்பில் பேரமும் பேசும். கம்பெனிக்கு 'வரத்து' என்று பெயர் வைத்தோம். பேரம் பேசும் மென்பொருளுக்குக் கார்த்தி 'வரதன்' என்று பெயர் வைத்தான். ஒரு ஆள் பெயர் இருந்தால்தான் எதிரே இருப்பவர் மதித்துப் பதில் சொல்வார் என்பது அவன் வாதம். மதித்தார்கள். அதுதான் பிரச்சினை, பின்னால் சொல்கிறேன்.

அப்பா கூட்டுறவு வங்கியில் காசாளராக இருந்து ஓய்வு பெற்றவர். எங்களுக்கு ஆறு மாதம் கெடு கொடுத்திருந்தார். "ஆறு மாசத்துல ஒரே ஒரு கடையாச்சும் சேரணும். சேரலைன்னா ரெண்டு பேரும் பேங்க் பரீட்சை எழுதணும். புஸ்தகம் வாங்கி வச்சுட்டேன்" என்றார். உண்மையிலேயே வாங்கி, மஞ்சள் குங்குமம் தடவி, சாமி அலமாரியில் வைத்திருந்தார். தினமும் விளக்கேற்றும்போது அந்தப் புத்தகம் எங்களைப் பார்த்தது.

ஐந்தரை மாதம் ஓடிப்போனது. ஒரு கடையும் சேரவில்லை. "மிஷின் பேரம் பேசுனா நான் எதுக்குக் கடையில உக்காந்திருக்கேன்?" என்று ஒருவர் கேட்டார். இன்னொருவர் டீ வாங்கிக் கொடுத்து, நாங்கள் குடித்து முடிக்கும்வரை பொறுமையாக இருந்து, "வேற என்ன வேலை தெரியும்?" என்றார்.

கடைசியில் மாட்டியவர் பழங்காநத்தத்தில் சூப்பர் மார்க்கெட் வைத்திருந்த பாண்டியராஜன் அண்ணன். நாற்பது வயது, தங்கமான மனுஷன், எதைச் சொன்னாலும் "செஞ்சுருவோம்" என்பார். கடையின் உண்மையான முதலாளி கல்லாவில் உட்கார்ந்திருந்த அவர் மனைவி செல்வி அக்கா. அண்ணன் எங்களிடம், "எனக்குச் சரக்கு போடுறவய்ங்க யார் ஒழுங்கு, யார் ஒழுங்கில்லன்னு உங்க மிஷின் சொல்லட்டும். சரியாச் சொல்லுச்சுன்னா வருசத்துக்கே சேர்ந்துக்கிறேன்" என்றார். அன்று வீட்டுக்கு வரும் வழியில் நானும் கார்த்தியும் ஆளுக்கு இரண்டு ஜிகர்தண்டா குடித்தோம்.

சோதனை நாள் வந்தது. அண்ணன் கடையின் பின்னால் இருந்த சின்ன அறையில் லேப்டாப்பை வைத்தோம். அவருடைய ஃபோனை வரதனோடு இணைத்தோம். மேசை முழுக்கக் காதுகுத்துப் பத்திரிகைகள் கட்டுக்கட்டாக இருந்தன. அவர்கள் மகள் யாழினிக்கு மூன்று வயது. இன்னும் ஒன்பது நாளில் விசேஷம். அண்ணன் எங்களுக்கும் ஒரு பத்திரிகை கொடுத்தார். நான் வாங்கி முழுசாகப் படித்தேன். அதில் யாழினியின் படத்துக்குக் கீழே, குளிர்க்கண்ணாடி போட்ட ஒருவரின் படம், அதன் கீழே கொட்டை எழுத்தில்: 'தாய்மாமன், மேலூர் ரைஸ் மில் உரிமையாளர் ராசாங்கம்.' பத்திரிகையை மடித்துக் கைப்பையில் வைத்துக்கொண்டேன். (இந்த இடத்தில் வாசகர்கள் என்னைத் தலையில் குட்டலாம். குனிந்துகொள்கிறேன்.)

அதே நேரம் வரதன் கணக்கெடுப்பை முடித்துவிட்டான். வரிசை திரையில் வந்தது. அரிசிப் பிரிவில் முதலிடம், வலைத்தளம், அச்சடித்த பில், சொன்ன நேரத்துக்கு வண்டி என்று எல்லாம் வைத்திருந்த 'தங்கச்சாவி டிரேடர்ஸ்'. கடைசி இடம், அண்ணனின் ஃபோனில் 'மேலூர் அரிசி' என்று பதிவாகியிருந்த ஒருவர். அவரைப் பற்றி வரதன் எழுதியிருந்த குறிப்பு: 'பில் தருவதில்லை. திங்கள் வருவதாகச் சொல்லி வியாழன் வருகிறார். குறுஞ்செய்திகளுக்குப் பதிலாகக் கோவில் கொடைவிழாப் படங்களை அனுப்புகிறார்.'

அண்ணன் அப்போது சமையல்காரரோடு ஃபோனில், இலைக்கு எத்தனை துண்டு கறி என்று பேசிக்கொண்டிருந்தார். அவர் பேசி முடிப்பதற்குள் அவர் வாய் பிளக்கும்படி ஏதாவது செய்துகாட்ட வேண்டும் என்று எனக்கு ஆசை. தங்கச்சாவிக்குச் சோதனையாகப் பத்து சிப்பம், அதாவது பத்து மூட்டை, அரிசிக்கு ஆர்டர் போட்டேன். பிறகு, மேலூர் அரிசிக்கு நன்றி சொல்லி அனுப்பிவிடலாமா என்று வரதன் கேட்டான். "அக்கா, அண்ணன் ஃபோனை வைக்கட்டும். ஒரு வார்த்தை கேட்டுக்கலாம்" என்றான் கார்த்தி. "இதைக்கூடக் கேட்டா நமக்கு என்னடா மரியாதை?" என்று சொல்லிவிட்டு நான் பொத்தானை அழுத்தினேன்.

போன கடிதம் வரதன் எழுதியதல்ல. 'விடைகொடுக்கும் கடிதம்' என்று நானே இரண்டு நாள் உட்கார்ந்து செதுக்கி வைத்திருந்த மாதிரி. இன்றும் அதை மனப்பாடமாகச் சொல்வேன். சொல்ல வேண்டாம் என்றாலும் மற்றவர்கள் சொல்வார்கள்:

'பேரன்புமிக்க ஐயா, வணக்கம். காலம் என்னும் ஆற்றில் எத்தனையோ ஓடங்கள் வந்து செல்கின்றன. தங்கள் ஓடமும் எங்கள் கரையில் சில காலம் தங்கியது. எனினும், விலையிலும் தரத்திலும் நேரந்தவறாமையிலும் தங்களினும் சிறந்த ஒருவரை நாங்கள் கண்டடைந்துவிட்டபடியால், இனி தங்கள் அரிசி எங்கள் கடைக்குத் தேவைப்படாது. தங்கள் எதிர்காலம் சிறக்க வாழ்த்துகிறோம். இப்படிக்கு, வரதன், கொள்முதல் மேலாளர்.'

அண்ணன் ஃபோனை வைத்தார். நான் வரிசையைக் காட்டினேன், தங்கச்சாவியைக் காட்டினேன், ஒழுங்கில்லாத ஒருவருக்கு விடைகொடுத்தாகிவிட்டது என்றும் சொன்னேன். "செஞ்சுருவோம்" என்றார் அவர். செய்து முடித்தாயிற்று என்பது அவருக்கும் புரியவில்லை, எதைச் செய்தோம் என்பது எனக்கும் புரியவில்லை.

மறுநாள் காலை கடைக்கு உடனே வரச்சொல்லி அழைப்பு வந்தது. ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடத்தான் என்று நினைத்து நான் பட்டுச் சுடிதார் போட்டுக்கொண்டு போனேன். கல்லாவில் செல்வி அக்கா இல்லை. அந்தக் கடை திறந்த நாளிலிருந்து கல்லாவில் அக்கா இல்லாத காலை அதுதான் முதல் முறையாம். அண்ணன் கல்லாவில் உட்கார்ந்து, ஒரு பாக்கெட் சேமியாவைத் திருப்பித் திருப்பிப் பார்த்து விலையைத் தேடிக்கொண்டிருந்தார். பின் அறையில் அக்கா உட்கார்ந்திருந்தார். கண் சிவந்திருந்தது.

"எங்க அண்ணனை வேலைய விட்டுத் தூக்குனது நீதானா?" என்றார்.

"யாருக்கா உங்க அண்ணன்?"

அக்கா மேசையில் இருந்த பத்திரிகையைத் திருப்பி என் முன்னால் தள்ளினார். குளிர்க்கண்ணாடி. கொட்டை எழுத்து. மேலூர். ரைஸ் மில். கைப்பையில் இருந்த என் பத்திரிகையையும் எடுத்துப் பிரித்துப் பார்த்தேன், அதிலும் அவரேதான்.

அக்கா கல்யாணமாகி வந்த காலத்தில் அந்தக் கடை ஒரு பெட்டிக்கடை. அன்றே அவர் அண்ணன், "என் தங்கச்சி கடையில என் மில்லு அரிசிதான் விக்கணும்" என்று முதல் வண்டியை இறக்கியிருக்கிறார். அன்றிலிருந்து அவரே வண்டியோட்டி வந்து, இறக்கி, சாப்பிட்டு, தங்கச்சியிடம் ஊர்க்கதை பேசிவிட்டுத்தான் போவார். அவர் திங்கள் என்று சொல்லி வியாழன் வருவது அந்தக் குடும்பத்தில் யாருக்கும் தாமதமாகத் தெரிந்ததே இல்லை. வரதனுக்கும் எனக்கும் மட்டும்தான் தெரிந்தது.

இப்போது ராசாங்கம் ஐயா யார் ஃபோனையும் எடுக்கவில்லை. 'என் அரிசி வேண்டாம்னு சொன்ன வீட்டுக்கு என் மடி மட்டும் எதுக்கு?' என்று ஆள் மூலம் சொல்லியனுப்பிவிட்டார். காதுகுத்து என்றால் பிள்ளையைத் தாய்மாமன் மடியில் உட்காரவைத்துத்தான் குத்த வேண்டும். அக்காவுக்குக் கூடப்பிறந்தவர் வேறு யாரும் இல்லை. மண்டபம் பேசியாயிற்று, பத்திரிகை கொடுத்தாயிற்று, ஊரே வரப்போகிறது, மடி மட்டும் இல்லை.

இதோடு முடிந்திருந்தாலும் பரவாயில்லை. அவர் அந்தக் கடிதத்தைச் சொந்தக்காரர்களின் வாட்ஸ்அப் குழுவில் போட்டிருந்தார். துபாயிலிருந்து ஒருவர், 'காலம் என்னும் ஆற்றில் என்றால் வைகையா, பெரியாறு வாய்க்காலா?' என்று கேட்டிருந்தார். என் எழுத்தை அத்தனை பேர் ஒரே நாளில் படித்தது அதற்கு முன்பும் இல்லை, பின்பும் இல்லை.

அண்ணன் கல்லாவிலிருந்து எழுந்து வந்தார். கோபப்படத் தெரியாதவர். அதனால் இன்னும் கஷ்டமாக இருந்தது. "ஏம்மா, கடைக்கு ஆள் தேடச் சொன்னா, குடும்பத்துல ஆள் குறைச்சுப்புட்டியே" என்றார்.

செல்வி அக்கா கண்ணைத் துடைத்துக்கொண்டார். "எம்புள்ள காதுல எங்க அண்ணன் மடியிலதான் கம்மல் ஏறணும். அவரைக் கூட்டிக்கிட்டு வா. வந்தா உன் மிஷினு இந்தக் கடையில இருக்கும். இல்லைன்னா நீங்க ரெண்டு பேரும் பழங்காநத்தம் பக்கமே வரக் கூடாது. சொல்லிப்புட்டேன்."

அன்று மதியமே நானும் கார்த்தியும் ஸ்கூட்டரில் மேலூர் போனோம். சும்மா கிடந்த சங்கை ஊதிக் கெடுத்த ஆண்டியைப் பற்றி வழிநெடுக நினைத்துக்கொண்டே போனேன். அந்த ஆண்டிக்குப் பின்னால் உட்கார்ந்து, "நான் சொன்னேன்ல, நான் சொன்னேன்ல" என்று சொல்ல ஒரு தம்பி இருந்தானா என்று தெரியவில்லை.

மில் வாசலில் ஒரு லாரியில் சிப்பங்களை ஏற்றிக்கொண்டிருந்தார்கள். வெள்ளைச் சாக்கு, பச்சை எழுத்து. கார்த்தி என் தோளைத் தட்டினான். சாக்கில் 'தங்கச்சாவி' என்று இருந்தது.

நான் போய் ஏற்றுபவரிடம் கேட்டேன். அவர் மூட்டையைத் தலையில் வைத்துக்கொண்டே சொன்னார். "இம்புட்டும் எங்க முதலாளி அரைச்சதுதான். தங்கச்சாவிக்காரவுங்களுக்கு மில்லு ஏது? வாங்கி அவுங்க சாக்குல போட்டு விப்பாங்க."

அதாவது, வரதன் உலகமெல்லாம் தேடி, முதல் இடத்தில் வைத்ததும் கடைசி இடத்தில் வைத்ததும் ஒரே அரிசி. நாங்கள் ராசாங்கம் ஐயாவை நீக்கிவிட்டு, ராசாங்கம் ஐயாவின் அரிசியையே, சாக்குக்கும் வலைத்தளத்துக்கும் சேர்த்து, கிலோவுக்கு இரண்டு ரூபாய் கூடக் கொடுத்து வாங்க ஆர்டர் போட்டிருந்தோம். இதற்குத்தான் ஐந்தரை மாதம் ராப்பகலாக உழைத்திருந்தோம். பேங்க் பரீட்சை அப்படியொன்றும் கஷ்டமாக இருக்காது என்று அந்த இடத்தில் தோன்றியது.

ராசாங்கம் ஐயா உள்ளே தராசுப் பக்கத்தில் பனியனோடு உட்கார்ந்திருந்தார். பத்திரிகைப் படத்தில் இருந்ததைவிடப் பெரிய உருவம். குளிர்க்கண்ணாடி தலைமேல் ஏறியிருந்தது.

"யாரு வரதன்? நீயா?" என்றார் கார்த்தியைப் பார்த்து.

"இல்லங்கய்யா. வரதன்னு ஒரு ஆளே கிடையாது. அது ஒரு சாஃப்ட்வேர். கம்ப்யூட்டர்."

"ஆளே கிடையாதா?" அவர் முகம் மேலும் இறுகியது. "அப்ப, என்னைய வேண்டாம்னு சொல்றதுக்கு என் மாப்ள ஒரு மனுசனைக்கூட வைக்கலையா?"

நான் முன்னால் போனேன். எல்லாத் தப்பும் என்னுடையது, பாண்டியராஜன் அண்ணனுக்குக் கடிதம் போனதே தெரியாது, எழுதியது நான், அனுப்பியது நான் என்று ஒரே மூச்சில் சொன்னேன். பேச ஆரம்பித்தபோது கைகட்டி நின்றவள், முடிக்கும்போது அழுதுகொண்டிருந்தேன். வேஷமில்லை, நிஜமாகவே அழுகை வந்துவிட்டது. செல்வி அக்காவின் சிவந்த கண் எனக்கு மறக்கவில்லை.

அவர் கொஞ்சம் இளகினார் போலத்தான் தெரிந்தது. ஆனால் மில்லில் இருந்த எல்லோரும் வேலையை நிறுத்திவிட்டுப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அத்தனை பேர் முன்னால் ஒரு தாய்மாமன் எப்படி இறங்கி வருவார்?

"பாப்பா, அழுவாத. மோர் குடி" என்றார். குடித்தேன். "இப்பக் கேட்டுக்க. என்னைய வேண்டாம்னு சொன்னது நீயில்ல. வரதன். கீழ அவன் பேருதான போட்டிருக்கு? அவன் வரட்டும். தட்டுல வெத்தலை பாக்கு வச்சு, என் வீட்டு வாசல்ல நின்னு, முறையாக் கூப்பிடட்டும்."

"அய்யா, அது மிஷினு."

"இருக்கட்டும். வேண்டாம்னு சொல்ல வாய் இருந்துச்சுல்ல? வாங்கன்னு கூப்புடவும் அதே வாய் வரட்டும்."

அந்த நிபந்தனையை அப்படியே எடுத்துக்கொண்டு பழங்காநத்தம் திரும்பினோம்.

ஞாயிற்றுக்கிழமை காலை நல்ல நேரம் பார்த்துக் கிளம்பினோம். கடையின் லோடு வண்டியைப் பாண்டியராஜன் அண்ணன் ஓட்டினார். செல்வி அக்கா நடுவில், நான் ஓரத்தில், கார்த்தி பின்னால் நின்றுகொண்டு வந்தான். என் மடியில் ஒரு பெரிய பித்தளைத் தாம்பாளம். அதில் வெற்றிலை, பாக்கு, மஞ்சள், வாழைப்பழம், தேங்காய், நடுவில் என் லேப்டாப். அக்கா லேப்டாப்புக்கும் ஒரு சந்தனப்பொட்டு வைத்திருந்தார் (அது கேமரா மேல் விழுந்துவிட்டது, பிறகு பல மாதம் ஆன்லைன் மீட்டிங்கில் நான் மஞ்சள் காமாலை வந்தவள்போலத் தெரிந்தேன்).

கார்த்தி வரதனுக்கு வாய்ஸ் கொடுத்து, அழைப்பு வாசகத்தையும் ஏற்றி வைத்திருந்தான். இந்த முறை வாசகத்தை நான் எழுதக் கூடாது என்று எல்லோரும் சேர்ந்து முடிவு செய்திருந்தார்கள்.

ராசாங்கம் ஐயா வீட்டு வாசலில் தெருவே கூடியிருந்தது. அவர் பட்டுவேட்டி கட்டி, குளிர்க்கண்ணாடி போட்டு, நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். நான் தாம்பாளத்தை ஏந்தி அவர் முன்னால் போய் நின்றேன். கார்த்தி பொத்தானை அழுத்தினான்.

"மதிப்பிற்குரிய ராசாங்கம் ஐயா, வணக்கம். நான் வரதன். தங்கள் மருமகள் யாழினியின் காதணி விழாவுக்குத் தாங்கள் குடும்பத்துடன் வருகை தந்து சிறப்பிக்க வேண்டும்" என்றான் வரதன். செய்தி வாசிப்பவர் மாதிரி நல்ல குரல். கூட்டத்தில் ஒருவர் "பரவால்லயே" என்றார். அக்கா மூச்சு விட்டார்.

அதோடு நிறுத்தியிருக்கலாம். ராசாங்கம் ஐயாவுக்கோ பதில் சொல்லாமல் விடுவது மரியாதையாகப் படவில்லை. அவர் லேப்டாப்பைப் பார்த்து, "வரதா, மாமன் சீரு நூத்தியொரு தட்டு கொண்டாரேன். தெரியுமா உனக்கு?" என்றார்.

கார்த்தி மைக்கை அணைக்க மறந்திருந்தான். யாராவது ஒரு எண்ணைச் சொன்னால் வரதனுக்குத் தெரிந்தது ஒன்றே ஒன்றுதான்.

"நன்றி. நூற்றியொரு தட்டு. ஒரு தட்டு என்ன விலை? மொத்தமாக எடுத்தால் எவ்வளவு குறைப்பீர்கள்?"

பாண்டியராஜன் அண்ணன் "முருகா" என்றார். கார்த்தி லேப்டாப்பை மூடப் பாய்ந்தான்.

"மூடாத தம்பி" என்றார் ராசாங்கம் ஐயா. கண்ணாடியைக் கழற்றினார். "மாமன் சீருக்கு வெல கேக்குறியா நீ? சரி, நான் குறைக்க முடியாது. இப்ப என்ன செய்வ? என்னையவிட நல்ல தாய்மாமனாத் தேடுவியா?"

"நிச்சயமாக" என்றான் வரதன். "தேவை: தாய்மாமன், ஒன்று. மாற்று விநியோகஸ்தரைத் தேடுகிறேன். சற்றுக் காத்திருக்கவும்."

திரையில் அந்த வட்டம் சுற்ற ஆரம்பித்தது. மேலூரில் அந்தத் தெருவில் சிக்னல் அவ்வளவாகக் கிடையாது. வட்டம் சுற்றுகிறது, சுற்றுகிறது. தாம்பாளம் என் கையில் சாய்ந்து, பாக்கு உருண்டு கீழே விழுந்தது. செல்வி அக்கா என் முதுகுச் சட்டையைப் பிடித்துக்கொண்டார். இந்தப் பாவி மிஷின் யாராவது ஒருவர் பெயரைச் சொல்லிவிட்டால், வலைத்தளம் வைத்திருக்கிற ஏதோ ஒரு மாமன் பெயரைச் சொல்லிவிட்டால், அந்த அக்காவுக்கு இனி ஜென்மத்துக்கும் அண்ணன் கிடையாது. அதற்கு நான் காரணம். என் வாழ்க்கையில் அதைவிட நீளமான ஒரு நிமிஷம் வந்ததில்லை, பிரசவ வார்டு உட்பட.

வட்டம் நின்றது.

"மன்னிக்கவும்" என்றான் வரதன். "மேலூர், மதுரை மற்றும் சுற்றுவட்டாரத்தில் தேடியதில், இந்தத் தேவைக்கு மாற்று விநியோகஸ்தர் எவரும் கிடைக்கவில்லை. இவர் ஒருவர் மட்டுமே. அவருடைய நிபந்தனைகளை அப்படியே ஏற்றுக்கொள்ளுமாறு பரிந்துரைக்கிறேன்."

ராசாங்கம் ஐயா எங்களையெல்லாம் ஒரு சுற்றுப் பார்த்தார். பிறகு கார்த்தியிடம், "சத்தத்தைக் கூட்டி இன்னொருக்கச் சொல்லச் சொல்லு தம்பி. அங்கிட்டு நிக்கிறவுங்களுக்குக் கேக்கல" என்றார்.

மூன்று முறை சொல்லவைத்தார். மூன்றாவது முறை அவரே எழுந்து தாம்பாளத்தை வாங்கிக்கொண்டார். செல்வி அக்கா அவர் தோளில் சாய்ந்து அழ, "ஏ கழுத, மிஷினுக்குத் தெரிஞ்சது உனக்குத் தெரியலையா, நான் வராம இருப்பேனா?" என்றார். அவர் குரலும் சரியில்லை. பிறகு எங்களுக்குக் கறிக்குழம்போடு சாப்பாடு போட்டார்கள். லேப்டாப்புக்கும் பக்கத்தில் ஒரு இலை போட்டார்கள்.

காதுகுத்து அன்று பழங்காநத்தத்தில் ரோட்டோரமாக ஒரு பிளெக்ஸ் நின்றது. குளிர்க்கண்ணாடியோடு ராசாங்கம் ஐயா, அவர் பக்கத்தில் அதே உயரத்துக்கு ஒரு லேப்டாப். மேலே எழுதியிருந்தது: 'கம்ப்யூட்டரே தேடியும் மாற்று கிடைக்காத எங்கள் தாய்மாமன் வருகிறார்.' மேளம் முன்னால் போக, சீர்வரிசையில் நூற்றியொரு தட்டு, நூற்றியிரண்டாவதாக என் லேப்டாப், அதை மாலையோடு தூக்கிக்கொண்டு நான். யாழினி அவர் மடியில் உட்கார்ந்து ஊரைக் கூட்டி அழுதாள். செல்வி அக்கா சிரித்துக்கொண்டே அழுதார். மறுநாள் கல்லாவில் உட்கார்ந்ததும், எங்கள் ஒப்பந்தத்தில் அண்ணனைக் கையெழுத்துப் போடச் சொன்னதும் அக்காதான்.

அப்பா பேங்க் பரீட்சைப் புத்தகத்தைச் சாமி அலமாரியிலிருந்து எடுத்து, எதிர்வீட்டுப் பையனுக்குக் கொடுத்துவிட்டார். அவன் பரீட்சையில் பாஸாகி இப்போது மேனேஜராக இருக்கிறான். நாங்கள் இன்னமும் மாடியறையில்தான் இருக்கிறோம், ஆனால் இப்போது ஏழு பேர், இரண்டு பக்கமும் திரும்பும் ஃபேன். எந்தக் கடை சேர்ந்தாலும் வரதன் ஒவ்வொரு பெயருக்கும் முதலில் கேட்கும் கேள்வி, 'இவர் உங்களுக்கு உறவினரா?' ஆம் என்றால் அவருக்கு மார்க் போட மாட்டான், கடிதம் எழுத மாட்டான், வாயே திறக்க மாட்டான். சென்னையிலிருந்து முதலீடு செய்ய வந்த ஒருவர், இப்படி ஒரு வசதியை வேறு எங்கேயும் பார்த்ததில்லையே, எப்படித் தோன்றியது என்று கேட்டார். நீண்ட கள ஆய்வு என்று சொல்லிவைத்தோம். திருமங்கலத்தில் ஒரு கடைக்காரர் தனக்குச் சரக்கு போடும் அத்தனை பேருக்கும் 'ஆம்' என்று குறித்துவிட்டார். அவருக்கு எங்களால் இதுவரை ஒரு பிரயோஜனமும் இல்லை, ஆனால் மாதாமாதம் சந்தா கட்டுகிறார்.

போன தை மாதம் என் மகளுக்குக் காதுகுத்து. விளாங்குடியில் எங்கள் வீட்டு வாசலிலேயே பந்தல். ஆசாரி வந்து உட்கார்ந்து, நேரத்தைப் பார்த்து, ஒரு டீ குடித்து, மறுபடி நேரத்தைப் பார்த்தார். மொட்டையடித்த என் மகள் சந்தனத் தலையோடு எல்லோர் மடிக்கும் மாறி மாறிப் போய்க்கொண்டிருந்தாள். தாய்மாமன் கார்த்தியைக் காணோம். ஃபோன் எடுக்கவில்லை. நல்ல நேரம் முடியப் பத்து நிமிடம் இருக்கும்போது, சீர்த்தட்டுகளோடு தெருமுனையில் மெதுவாக, மிக மெதுவாக, மேளத்துக்கு ஏற்ப நடந்து வந்தான். குளிர்க்கண்ணாடி வேறு.

எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. பந்தல் முழுக்க ஆள். வாயைத் திறந்தேன்.

முதல் வரிசையில் உட்கார்ந்திருந்த ராசாங்கம் ஐயா என் கையைப் பிடித்து நிறுத்தினார். அப்பா, செல்வி அக்கா, பாண்டியராஜன் அண்ணன், என் வீட்டுக்காரர் என்று ஒவ்வொருவராகச் சிரிக்க ஆரம்பித்தார்கள். கார்த்தி என் முன்னால் வந்து நின்று, கண்ணாடியைக் கழற்றாமலே, செய்தி வாசிக்கும் குரலில் சொன்னான்.

"மேலூர், மதுரை மற்றும் சுற்றுவட்டாரத்தில் நல்லாத் தேடிப் பாத்துக்கக்கா. ஒரு நிபந்தனை. திட்டக் கூடாது."

ஆசாரி ஊசியை எடுத்தார். நான் என் மகளைத் தூக்கி அவன் மடியில் வைத்தேன்.